புளியந்தோப்பு எரிந்தது ஏன்? சமாதானம் யார் தலையில்?

கள்ளிக்குப்பத்திலிருந்து அம்பத்தூர் ரயில் நிலையத்துக்கு வந்து மின்சார ரயில் ஏறினால், கொரட்டூர், வில்லிவாக்கம், பெரம்பூர் தாண்டி வியாசர்பாடி ஜீவா வரும். பக்கத்திலேயே புளியந்தோப்பு. தினமும் ஆயிரக்கணக்கானோர் இந்த வழியாக வேலைக்குப் போய் வருகிறோம். நூறு ஆண்டுகளுக்கு முன் அங்கே ஏழைத் தொழிலாளிகளின் குடிசைகளை ஏழைத் தொழிலாளிகளே கொளுத்தினார்கள் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? பள்ளிப் பாடத்தில் அது இல்லை. ஆனால் இன மோதலும் மதக் கலவரமும் எங்கிருந்து கிளம்புகின்றன, அமைதி எந்த வழியில் வரும் என்று தெரிந்துகொள்ள நினைக்கும் மாணவர்கள் முதலில் படிக்க வேண்டிய கதை இதுதான்.

ஒரே ஆலை, இரண்டு தெருக்கள்

பெரம்பூர் பக்கிங்காம், கர்நாட்டிக் மில்களை ஜனங்கள் பின்னி மில் என்பார்கள். ஆதி திராவிடர், சாதி இந்துக்கள், முஸ்லிம்கள், கிறிஸ்தவர்கள் எல்லாரும் அங்கே ஒரே கூரையின் கீழ் வேலை செய்தார்கள். நீண்ட வேலை நேரமும் குறைந்த கூலியும் மேஸ்திரிகளின் வசவும் எல்லாருக்கும் பொதுவாக இருந்தன. 1918 ஏப்ரல் மாதம் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தது. பி.பி. வாடியா, திரு.வி.க., செல்வபதி செட்டியார், ராமானுஜுலு நாயுடு ஆகியோர் அதற்குத் துணை நின்றார்கள். இந்தியத் தொழிற்சங்க வரலாறே அங்கிருந்துதான் எழுதப்படுகிறது.

ஆலைச் சங்கு ஊதி வெளியே வந்ததும் கூட்டம் இரண்டாகப் பிரிந்தது. ஒரு பிரிவு ஊருக்குப் போனது, இன்னொரு பிரிவு சேரிக்குப் போனது. தண்ணீர்க் குழாய் வேறு, கோயில் வேறு, சாவு வீடு வேறு. சங்கக் கூட்டத்தில் தோளோடு தோள் நின்றவர்கள் வீட்டுத் திண்ணையில் சேர்ந்து உட்கார முடியாது. இந்தப் பிளவைச் சங்கம் தீர்க்கவில்லை. கூலிப் போராட்டம் வலுத்தால் சாதி தானாக மறைந்துவிடும் என்று நம்பியிருந்தார்கள்.

1921 மே மாதம் கர்நாட்டிக் மில்லில் தகராறு வெடித்தது. ஜூனில் பக்கிங்காம் மில் தொழிலாளர்களும் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். இந்த முறை ஆதி திராவிடத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வேலைநிறுத்தத்தில் சேராமல் ஒதுங்கிக்கொண்டார்கள். வேலைக்குப் போனவர்களைக் ‘கருங்காலி’ என்றார்கள். ஜூன் மாதக் கடைசியில் புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. ஒரு பக்கம் ஆதி திராவிடர்கள், எதிர்ப்பக்கம் சாதி இந்துக்களும் முஸ்லிம்களும். பதிலுக்குப் பதில் தாக்குதலும் தீவைப்பும் மாதக்கணக்கில் நடந்தன. ஆகஸ்ட் 29-ல் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர்கள் செத்தார்கள். வியாசர்பாடியில் முகாம் போட்டு ஆதி திராவிடக் குடும்பங்களை அரசு தங்கவைத்தது.

காட்டிக்கொடுத்தவர்களா?

இந்தக் கதையை எழுதிய பலர் ஆதி திராவிடத் தொழிலாளர்களை வேலைநிறுத்தத்தை உடைத்தவர்கள் என்று ஒரே வரியில் தள்ளிவிடுகிறார்கள். நாம் அவர்கள் பக்கம் நின்றும் பார்க்க வேண்டும்.

வேலை போனால் ஊருக்குத் திரும்பிப் போய்ப் பிழைக்கச் சேரிக்காரருக்குக் காணி நிலம் ஏது? கிராமத்தில் பண்ணையடிமை, பட்டணத்தில் ஆலைக் கூலி. அன்றைக்கு அவர்களுக்கு இருந்த வழிகள் இவ்வளவுதான். முந்தைய ஆண்டு கதவடைப்புகளின் பட்டினி அடிவயிற்றில் இன்னும் ஆறவில்லை. சங்கத்தின் தலைமையிலோ, முடிவெடுக்கும் இடத்திலோ தங்கள் ஆட்கள் இருந்ததாக அவர்களுக்குத் தோன்றவில்லை. அதே வேளையில் நிர்வாகமும் வெள்ளை அரசும் ‘உங்களை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்’ என்று கை நீட்டின. அவர்களின் தலைவர் எம்.சி. ராஜாவும் வேலைநிறுத்தத்திலிருந்து விலகி நிற்கவே சொன்னார். சமமாக நடத்தாத சங்கத்தை நம்பிப் பிள்ளைகளைப் பட்டினி போட வேண்டுமா என்ற கேள்விக்கு அன்று யாரும் நேர்மையாகப் பதில் சொல்லவில்லை.

நிர்வாகமும் அரசும் காட்டிய பரிவும் கலப்படமில்லாதது அல்ல. ஆலை ஓட வேண்டும், அதற்கு ஆள் வேண்டும். சேரிக்கும் ஊருக்கும் நடுவே ஏற்கெனவே இருந்த வெடிப்பை அவர்கள் உண்டாக்கவில்லை. அதில் ஆப்பு வைத்து அடித்தார்கள்.

பிராமணரல்லாதார் அனைவருக்கும் தாங்களே குரல் என்று சொன்ன நீதிக்கட்சியின் தலைவர்கள் அப்போது என்ன செய்தார்கள்? ஆதி திராவிடருக்கு அரசு சலுகை காட்டியதால்தான் கலவரம் வந்தது என்று குற்றம் சாட்டினார்கள். எம்.சி. ராஜா அதை எதிர்த்தார். அந்த மனக்கசப்பு ஆறவே இல்லை. 1923-ல் அவர் அந்தக் கட்சியை விட்டு வெளியேறினார். நம் அரசியல் வரலாற்றில் அது பெரிய திருப்பம்.

கடைசியில் வென்றது யார்? அக்டோபர் மாதம் வேலைநிறுத்தம் முறிந்தது. தொழிலாளர்கள் வெறுங்கையோடு ஆலைக்குத் திரும்பினார்கள். சங்கம் பல ஆண்டுகள் தலைநிமிர முடியவில்லை. குடிசை எரிந்தவர்களில் எல்லாத் தெருக்காரர்களும் இருந்தார்கள். ஆலை மட்டும் எரியவில்லை.

பெல்ஃபாஸ்ட் முதல் கொழும்பு வரை

இது நம் ஊரில் மட்டும் நடக்கிற அதிசயம் இல்லை. புளியந்தோப்புக்குச் சரியாக ஓராண்டுக்கு முன், 1920 ஜூலையில், வட அயர்லாந்தின் பெல்ஃபாஸ்ட் நகரக் கப்பல் கட்டும் தளங்களிலிருந்து ஆயிரக்கணக்கான கத்தோலிக்கத் தொழிலாளர்கள் அடித்து விரட்டப்பட்டார்கள். விரட்டியவர்கள் புராட்டஸ்டன்ட் தொழிலாளர்கள். விரட்டப்பட்டவர்களோடு தோழமை காட்டிய சில புராட்டஸ்டன்ட்களும் சேர்ந்து அடி வாங்கினார்கள். இருவருக்கும் ஏசுதான் கடவுள், ஒரே பைபிள்தான். வேதப் பொருளுக்காகவா அடித்துக்கொண்டார்கள்? வேலை யாருக்கு, வீடு யாருக்கு, ஓட்டு யாருக்கு என்பதுதான் அடியில் கிடந்த கேள்வி. 1968-ல் அங்கே மனித உரிமைப் போராட்டம் சூடுபிடித்ததற்கு ஒரு காரணம், பெரிய கத்தோலிக்கக் குடும்பங்கள் காத்துக்கிடக்க, திருமணமாகாத ஒரு புராட்டஸ்டன்ட் பெண்ணுக்கு அரசு வீடு ஒதுக்கப்பட்டது.

கடல் தாண்டினால் இலங்கை. 1956-ல் சிங்களம் மட்டுமே ஆட்சிமொழி என்று சட்டம் வந்தது. அரசு வேலையும் படிப்பும் கைநழுவும் என்று தமிழர்கள் அஞ்சினார்கள். 1957 ஜூலையில் பிரதமர் பண்டாரநாயக்கவும் செல்வநாயகமும் ஒப்பந்தம் செய்தார்கள். ஓராண்டுகூட நிற்கவில்லை. எதிர்ப்புக்குப் பயந்து 1958 ஏப்ரலில் பிரதமரே அதைக் கைவிட்டார். அடுத்த மாதமே கலவரம் வந்தது. பின்னால் 1983 ஜூலை, அதன்பின் நீண்ட போர். அந்தப் போரில் வீடிழந்து வந்தவர்களின் முகாம் நமக்குப் பக்கத்தில், புழல் காவாங்கரையில் இருக்கிறது. கிழிக்கப்பட்ட ஒரு ஒப்பந்தத்தின் விலையை மூன்று தலைமுறை கொடுத்துக்கொண்டிருக்கிறது.

மூன்று இடங்களிலும் ஒரே வரிசையைப் பார்க்கிறோம். முதலில் வேலையிலும் வீட்டிலும் மொழியிலும் பங்கு சமமாக இல்லை. அடுத்து, பிரிந்து வாழ்வதால் ஒருவரை ஒருவர் அறிவதில்லை. மூன்றாவதாக, பிளவால் லாபம் அடைகிறவர் ஒருவர் இருக்கிறார். கடைசியில் ஒரு வதந்தியோ ஒரு கல்வீச்சோ போதும். நாம் தீப்பெட்டியைப் பற்றி மட்டும் பேசுகிறோம். வைக்கோல் போரை யார் அடுக்கினார்கள் என்று கேட்பதில்லை.

சுவர் தந்த சமாதானம்

மோதல் முடிந்ததும் தாசில்தார் அலுவலகத்தில் சமாதானக் கூட்டம் போடுவது நம் மாநிலத்தில் வழக்கம். இரு தரப்பிலும் பத்துப் பெரியவர்கள் வருவார்கள். ஒரு தாளில் கையெழுத்து வாங்குவார்கள். அதன்பின் ஊர் அமைதி என்று அறிக்கை போகும். இந்த அமைதியை நாம் கொஞ்சம் உரசிப் பார்க்க வேண்டும்.

மதுரை மாவட்டம் உத்தப்புரத்தில் 1989-ல் மோதல் நடந்தது. அதற்குப் பிறகு தலித் தெருக்களைப் பிரித்து நீண்ட சுவர் ஒன்று எழுந்தது. ஊர்ப் பெரியவர்கள் கூடிச் செய்துகொண்ட ஒப்பந்தத்தின்படியே கட்டினோம் என்று சாதி இந்துக்கள் தரப்பு சொன்னது. சுவர் இருந்தால் சண்டை வராதாம். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தலித் மக்கள் சுற்றுவழியில் நடந்தார்கள். மார்க்சிஸ்ட் கட்சியும் தீண்டாமை ஒழிப்பு முன்னணியும் போராடிய பிறகு, 2008 மே 6-ல் அரசு அந்தச் சுவரின் ஒரு பகுதியை இடித்துப் பாதை விட்டது.

அதோடு ஊர் ஒன்றாகிவிடவில்லை. வழக்குகள், துப்பாக்கிச் சூடு, பகை எல்லாம் தொடர்ந்தன. 2011 அக்டோபரில் மதுரை மாவட்டக் காவல் அதிகாரிகளின் முயற்சியில் இரு தரப்பும் உட்கார்ந்து வேறொரு ஒப்பந்தம் எழுதின. தலித்துகள் முத்தாலம்மன் கோயிலில் வழிபடலாம், பொதுப்பாதையைப் பயன்படுத்தலாம் என்று அதில் ஏற்கப்பட்டது. நவம்பர் 10-ல் தலித் மக்கள் கோயிலுக்குள் போனார்கள். பிறகும் உரசல்கள் வந்தன, மறைக்கத் தேவையில்லை. ஆனாலும் இரண்டு தாள்களுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பாருங்கள். முதல் தாள் உரிமையை விட்டுக்கொடுத்தால் அமைதி என்றது. இரண்டாம் தாள் உரிமையை ஒப்புக்கொண்டால் அமைதி என்றது.

உத்தப்புரம் தெற்கே இருக்கிறது என்று நாம் நிம்மதிப் பெருமூச்சு விட முடியாது. நம் திருவள்ளூர் மாவட்டத்திலேயே, கும்மிடிப்பூண்டி அருகே தோக்கமூரில் நின்ற தீண்டாமைச் சுவர் 2022-ல்தான் இடிக்கப்பட்டது.

நல்லிணக்கத்துக்கு நல்ல முன்மாதிரியும் நம்மிடம் உண்டு. 1982 மார்ச்சில் கன்னியாகுமரி மாவட்டம் மண்டைக்காட்டில் இந்துக்களும் கிறிஸ்தவ மீனவர்களும் மோதிக்கொண்டார்கள். துப்பாக்கிச் சூட்டில் மீனவர்கள் இறந்தார்கள், கடலோர ஊர்கள் எரிந்தன. அப்போது குன்றக்குடி அடிகளார் காவி உடையோடு இரு தரப்பு ஊர்களுக்கும் போய் மக்களிடம் பேசினார். தன் மதத்து ஆட்களின் கோபத்துக்கு எதிரே நின்று பேச ஒரு மடாதிபதி முன்வந்தார் என்பதால்தான் அந்தப் பேச்சுக்கு மதிப்பு வந்தது. சமாதானம் பேசுகிறவர் முதலில் தன் தெருவில் பேச வேண்டும். சேரியில் வந்து பொறுமையைப் போதிப்பது எளிது. ஊர்த்தெருவில் நின்று ‘வழியை விடுங்கள்’ என்று சொல்வதுதான் கடினம்.

இன்று நம் பக்கத்தில்

1964-ல் தொடங்கிய அம்பத்தூர் தொழிற்பேட்டை நம் வட்டாரத்தையே மாற்றியது. கள்ளிக்குப்பம், கொரட்டூர், பட்டரவாக்கம், ஆவடி, பூந்தமல்லி எங்கே பார்த்தாலும் வேலை தேடி வந்து குடியேறியவர்கள்தான். அடுத்த அறையில் யார், என்ன சாதி என்று தெரியாமலே வாழ முடிவது நகரம் தந்த சிறு விடுதலை. ஆனாலும் வீடு வாடகைக்குக் கேட்கும்போது ‘நீங்க என்ன ஆளுங்க?’ என்ற கேள்வி இன்னும் வருகிறதா இல்லையா? நம் பிள்ளைகளுக்கு அனுபவம் தெரியும்.

இப்போது பீகார், ஒடிசா, ஜார்க்கண்ட், அசாம் மாநிலத் தொழிலாளர்கள் வந்திருக்கிறார்கள். பத்துப் பேர் ஓர் அறையில். நம் தாத்தாக்கள் பின்னி மில்லுக்கு வந்து எப்படிக் கிடந்தார்களோ அப்படித்தான் இவர்களும் கிடக்கிறார்கள். 2023 மார்ச்சில் தமிழ்நாட்டில் பீகார்க்காரர்களை வெட்டுகிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவின. வேறெங்கோ நடந்த சம்பவங்களின் படங்களை ஒட்டிப் பரப்பினார்கள். தொழிலாளர்கள் பயந்தார்கள். பீகார் அரசு அதிகாரிகள் குழு இங்கே வந்து நேரில் பார்த்து, பயப்பட ஒன்றுமில்லை என்று சொல்ல வேண்டியிருந்தது. 1921-ல் வதந்தி தெருத்தெருவாக நடந்து போனது. இன்று கைப்பேசியில் நொடியில் போகிறது.

‘வடக்கன் வந்து நம் வேலையைப் பறிக்கிறான்’ என்று நம் தலித் இளைஞர்களிடமும் பேச்சு கிளம்பியிருக்கிறது. இதை நாம் தயங்காமல் கேட்க வேண்டும்: குறைந்த கூலிக்கு ஆள் எடுத்து லாபம் பார்ப்பது யார்? அன்று நம் முன்னோரைக் ‘கருங்காலி’ என்றவர்களின் சொல்லை இன்று நாம் எடுத்து இன்னோர் ஏழை மீது வீசலாமா? வந்திருப்பவர்களிலும் பலர் அவர்கள் ஊர்ச் சேரியிலிருந்து வந்தவர்கள்தான். அவர்களுக்கும் சட்டப்படியான கூலி கிடைத்தால் நம் கூலியும் இறங்காது. சங்கத்தில் அவர்களுக்கு இடம் கொடுக்கிற ஊரில் புளியந்தோப்பு திரும்ப நடக்காது.

அமைதிக்கான வழிகள்

முதல் வழி சேர்ந்து வாழ்வது. தென் மாவட்டச் சாதி மோதல்களுக்குப் பிறகு 1998-ல் மதுரை அருகே மேலக்கோட்டையில் முதல் சமத்துவபுரம் திறக்கப்பட்டது. நூறு வீடுகளில் 40 தலித்துகளுக்கு, 25 பிற்படுத்தப்பட்டோருக்கு, 25 மிகப் பிற்படுத்தப்பட்டோருக்கு, 10 மற்றவர்களுக்கு. திட்டம் நல்லது. ஆனால் பக்கத்துக் கிராமம் ஊரும் சேரியுமாகவே இருந்தால், நூறு வீடு மட்டும் எப்படி நாட்டை மாற்றும்? 2025 ஏப்ரலில் ‘காலனி’ என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்குவதாக அரசு அறிவித்தது. பெயர் மாறுவதை வரவேற்போம். பெயரோடு சாலையும் குடிநீரும் மயானப் பாதையும் வந்து சேர வேண்டும்.

இரண்டாவது வழி பள்ளிக்கூடம். 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவரும் அவர் தங்கையும் உடன் படித்த மாணவர்களாலேயே வீடு புகுந்து வெட்டப்பட்டார்கள். அதன்பின் அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை தந்தது. சாதி காட்டும் கயிறும் பொட்டும் வேண்டாம், பள்ளிப் பெயர்களில் சாதி வேண்டாம் என்றெல்லாம் பரிந்துரைத்தது. கயிற்றை வாத்தியார் அறுத்துவிடலாம். அந்தக் கயிற்றைக் கட்டி அனுப்பிய கையை வீட்டில்தான் பிடிக்க வேண்டும்.

மூன்றாவது வழி சட்டம். வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989-ல் நிறைவேறியது. அதன் 1995 விதிகளின்படி, மாவட்ட ஆட்சியர் தலைமையில் விழிப்புணர்வு மற்றும் கண்காணிப்புக் குழு இருக்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது அது கூட வேண்டும். மாநில அளவில் முதலமைச்சர் தலைமையிலான குழு ஆண்டுக்கு இருமுறை கூட வேண்டும். நம் மாவட்டக் குழு கடைசியாக எப்போது கூடியது, உறுப்பினர்கள் யார், என்ன முடிவெடுத்தது என்று மாணவர்கள் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டுக் கேட்கலாம். பத்து ரூபாய்தான் கட்டணம். பாதிக்கப்பட்டவருக்கு முதல் தகவல் அறிக்கையின் நகல் இலவசமாகத் தர வேண்டும். டி.எஸ்.பி. தகுதிக்குக் குறையாத அதிகாரிதான் விசாரிக்க வேண்டும். உதவிக்கு 14566 என்ற எண் இருக்கிறது. கடமை தவறும் அரசு ஊழியர்மீதும் இந்தச் சட்டத்தின் 4-வது பிரிவு பாயும். இவை எல்லாம் பகையை வளர்க்கும் சட்டம் என்று சிலர் சொல்கிறார்கள். அடிபட்டவனுக்கு நீதி கிடைக்கும் என்ற நம்பிக்கை இருந்தால்தான் அவன் பதிலுக்கு அரிவாள் எடுக்கமாட்டான். சட்டம் நடந்தால் பழிவாங்கல் நிற்கும்.

வட அயர்லாந்தில் 1998 ஏப்ரலில் ஒப்பந்தம் வந்தபோது துப்பாக்கியைக் கீழே போடுங்கள் என்பதோடு அது முடியவில்லை. சம உரிமையும் போலீஸ் சீர்திருத்தமும் அதில் இருந்தன. புதிதாகப் போலீசில் சேருபவர்களில் பாதிப் பேர் கத்தோலிக்கர் என்ற ஏற்பாடு 2001 முதல் பத்தாண்டு நடந்தது. பெல்ஃபாஸ்டில் தெருக்களைப் பிரிக்கும் சுவர்கள் இன்னும் நிற்கின்றன, வேலை முடியவில்லை. ஆனாலும் அன்றாடக் கொலைகள் நின்றன.

நம் ஊர் சமாதானக் கூட்டத்துக்கும் இதையே அளவுகோலாக வைப்போம். தாள் முன்னே வந்தால் கையெழுத்துக்கு முன் கேட்போம். இந்தத் தாளில் விட்டுக்கொடுப்பது யார்? பொதுப்பாதை, பொதுக்குழாய், கோயில், மயானம் என்று சட்டம் ஏற்கெனவே கொடுத்த உரிமையைப் பேரம் பேசுகிறார்களா? பெண்கள் ஒருவராவது கூட்டத்தில் இருக்கிறார்களா? எரிந்த வீட்டுக்கும் போன வேலைக்கும் ஈடு எழுதப்பட்டிருக்கிறதா? வழக்கை வாபஸ் வாங்கு என்று நிபந்தனை போட்டால், வன்கொடுமை வழக்கைத் தாசில்தார் மேசையில் எழுதும் ராஜிப் பத்திரம் முடித்துவிடாது, அது நீதிமன்றம் தீர்மானிக்க வேண்டியது என்று சொல்வோம்.

சண்டை யாருக்கும் வேண்டாம், நமக்கு எல்லாரையும் விட வேண்டாம். கலவரம் வந்தால் முதலில் எரிவது நம் கூரை, கடைசியில் நிவாரணம் வருவதும் நமக்கு. அதனால் அமைதியை நாம்தான் அதிகம் விரும்புகிறோம். தலைகுனிந்து பெறும் அமைதி அடுத்த மோதல் வரைக்கும்தான் நிற்கும். பாதையிலும் வேலையிலும் பள்ளியிலும் சரிசமமாக நிற்கும் உரிமையோடு வரும் அமைதிதான் பேரப்பிள்ளை காலத்துக்கும் நிலைக்கும். அதைக் கேட்டு வாங்குவோம்.